சாயம் ஏறிய விரிசல்

இந்த இரங்கல் கூட்டத்துக்குத் தலைமை ஏற்றிருக்கும் எங்கள் ஆய்வகத்தின் இயக்குநர் அவர்களே, மேடையில் அவருக்குப் பக்கத்தில் அமர்ந்திருக்கும் நம் ஊர்க் குடிநீர்ப் பிரிவின் பொறியாளர் அவர்களே, எனக்கு முன்னால் பேசி எனக்கென்று ஒரு நல்ல சொல்லைக்கூட மிச்சம் வைக்காத மூத்தவர்களே, முன்வரிசையில் நிமிர்ந்து உட்கார்ந்திருக்கும் எங்கள் சீவலார் வீட்டு அம்மா அவர்களே, அவருடைய மகளே, மருமகனே, அரவை அறையிலிருந்து கையில் ஒட்டிய தூளோடு ஓடிவந்து கதவோரம் நிற்கும் என் தோழர்களே, அனைவருக்கும் வணக்கம்.

மேடையேறும்போது இயக்குநர் அவர்கள் என் காதோடு சொன்னார். "தம்பி, நல்லதா நாலு வார்த்தை பேசிட்டு இறங்கிடு." நாலு வார்த்தைதானே? நல்லவர். வல்லவர். பண்பாளர். மறைந்துவிட்டார். முடிந்தது. இறங்கிவிடலாம். ஆனால் எனக்கு முன்னால் பேசியவர்கள் பேசியதைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தேனே, அதுதான் என்னை இறங்கவிடவில்லை.

அமைதியே உருவானவர் என்றார் ஒருவர். பொறுமையின் சிகரம் என்றார் இன்னொருவர். யாரோடும் முகம் கோணாதவர் என்றார் மூன்றாமவர். யாரைச் சொல்கிறார்கள் என்று நான் திரும்பிப் படத்தைப் பார்த்துக்கொண்டேன். அவர் படம்தான். அமைதியானவரா? அவர் கத்தினால் கல் அறுக்கும் எந்திரத்தின் சத்தம் கேட்காது! பொறுமைசாலியா? அவர் மெதுவானவர். மெதுவாக இருப்பது வேறு, பொறுமையாக இருப்பது வேறு. முகம் கோணாதவரா? இந்த அறையில் அவரோடு சண்டை போடாதவர் யாராவது இருந்தால் கையைத் தூக்குங்கள். பார்த்தீர்களா? அவர் மருமகன்கூடத் தூக்கவில்லை.

குடும்பத்தினரும் வெளியிலிருந்து வந்தவர்களும் இருக்கிறீர்கள். அவர் என்ன வேலை செய்தார் என்று ஒருவரும் சொல்லவில்லை, 'அரும்பணி' என்றே சொல்லிக்கொண்டிருந்தார்கள். நான் சொல்கிறேன். அவர் எங்கள் நுண்சீவல் பிரிவின் தலைவர். பாலத்திலிருந்தோ கட்டடத்தூணிலிருந்தோ துளை போட்டு ஓர் உருளைத் துண்டை எடுத்து வருவார்கள். அதை நாங்கள் கோர் என்போம். அதிலிருந்து ஒரு சில்லை அறுத்து, கண்ணாடித் தகட்டில் ஒட்டி, மறுபடியும் அறுத்து, தேய்த்து, தேய்த்து, தலைமுடியின் கனத்தில் பாதிக்கும் கீழே கொண்டுவருவோம். கான்கிரீட் அந்தக் கனத்துக்கு வந்தால் என்ன ஆகும் தெரியுமா? வெளிச்சம் அதற்குள் புகுந்து மறுபக்கம் வரும்! லாரி ஏறினாலும் அசையாத பொருளை நுண்ணோக்கிக்குக் கீழே வைத்து, கல் எது, மணல் எது, கலவையில் யார் தண்ணீரைத் தாராளமாக ஊற்றினார்கள், எங்கே விரிசல் ஓடுகிறது என்று படித்துவிடலாம். அந்தத் தகட்டுக்குத்தான் எங்கள் ஊழியர் பேச்சில் சீவல் என்று பெயர். அதிலேயே ஆயுளைக் கழித்தவர் என்பதால் அவர் சீவலார். சீவலில் கான்கிரீட் பொய் சொல்லாது. நாம்தான் சொல்வோம். அந்த இடத்துக்குப் பிறகு வருகிறேன்.

நான் வேறொரு ஆய்வகத்தில் தொழில் பழகி இங்கே வந்தவன். வந்த வாரமே ஒரு சீவல் செய்து அவர் மேசையில் வைத்தேன். அவர் அதை ஜன்னல் பக்கம் தூக்கிப் பிடித்தார். பிறகு நுண்ணோக்கிக்குக் கீழே வைத்துக் குனிந்தார்.

"இது சீவலா, செங்கல்லா?"

"முப்பது மைக்ரான் சார். அளந்து பார்த்தேன்."

"உன் கருவி முப்பதுங்குது. மணலு வைக்கோல் நிறத்துல நிக்குது. மணலு சாம்பல் வெள்ளைக்கு வந்தாத்தான் முப்பது. வெளிச்சம் ஏறல. போய்த் தேய்."

நானும் சும்மா இருக்கவில்லை. "சார், இதுக்கு மேல தேய்ச்சா துண்டே இருக்காது" என்றேன். "இல்லாமப் போனா இன்னொண்ணு செய். நீ என்ன, மூக்குப்பொடி டப்பாவுக்கு மூடியா செஞ்சுக்கிட்டிருக்கே?" என்றார். தேய்த்தேன். துண்டே இல்லாமல் போய்விட்டது. வெறும் கண்ணாடியைக் கொண்டுபோய் அவர் முன்னால் வைத்தேன். "இப்ப வெளிச்சம் நல்லா ஏறுது பாருங்க சார்" என்றேன். ஒரு வாரம் பேச்சு இல்லை.

அப்புறம் தானாகத் தேய்க்கும் எந்திரம் வந்தது. நான்தான் வாதாடி வரவழைத்தேன். வேலை முடிந்ததும் அது கூவும். அவர் அதற்கு 'உன் மாமியார்' என்று பெயர் வைத்தார். எனக்குக் கல்யாணமே ஆகவில்லை. "உன் மாமியா கூப்பிடறா, ஓடு." "உன் மாமியா இன்னிக்குப் பட்டினியா, சத்தத்தையே காணோம்?" விருந்தாளிகள் வந்தாலும் இதே பேச்சு. ஆனால் எந்திரத்தில் வந்த சீவலை அவர் மறுபடி கையால் தேய்க்காமல் ஒருநாளும் விட்டதில்லை. நூற்றில் தொண்ணூறு முறை அது வீண்வேலை. அன்றைக்கும் சொன்னேன், இன்றைக்கும் சொல்கிறேன், வீண்வேலை!

என்னம்மா? அம்மா ஏதோ சொல்கிறார். பின்வரிசைக்குக் கேட்டிருக்காது. "வீட்டுல மட்டும் என்ன வாழ்ந்துச்சாம்? வெங்காயம் நறுக்கச் சொன்னா ஒவ்வொண்ணா லைட்டுல புடிச்சுப் பாப்பாரு. ராத்திரிச் சோறு அடுத்த நாள்தான்" என்கிறார். கேட்டுக்கொள்ளுங்கள். பொறுமையின் சிகரத்தோடு குடும்பம் நடத்தியவர் சாட்சி சொல்கிறார்.

சரி. இப்போது அந்த இடத்துக்கு வருகிறேன்.

சீவல் செய்வதில் பெரிய தலைவலி ஒன்று உண்டு. அறுக்கும்போதும் தேய்க்கும்போதும் கான்கிரீட் லேசாக விரிசல் விடும். அது நாம் உண்டாக்கிய விரிசல். தூணிலேயே முன்னால் இருந்த விரிசல் வேறு. நுண்ணோக்கியில் இரண்டும் கறுப்புக் கோடுதான். எது யாருடையது என்று எப்படிச் சொல்வது? அதற்குத்தான் சாயம். அறுப்பதற்கு முன்னாலேயே துண்டை ஒரு பாத்திரத்தில் வைத்து, பம்பு போட்டு உள்ளேயிருக்கும் காற்றை உறிஞ்சிவிட்டு, ஒளிரும் சாயம் கலந்த பிசினை உள்ளே விடுவோம். ஏற்கெனவே இருந்த விரிசலுக்குள் எல்லாம் சாயம் போய் இறுகிவிடும். அதன்பிறகு நாம் உண்டாக்கும் விரிசலில் சாயம் இருக்காது. நீல வெளிச்சத்தில் வைத்தால் பழையது மின்னும், நம்முடையது இருட்டாக நிற்கும். இதைவிட நேர்மையான சோதனை உலகத்தில் உண்டா? குழந்தைகூடச் சொல்லிவிடும்!

அந்தப் பம்பு போன கோடையில் நின்றுவிட்டது. பெரிய பழுது ஒன்றும் இல்லை. ஒரு ரப்பர் வளையம் கிழிந்துவிட்டது. ஒரு ரப்பர் வளையம்! கேட்டோம். "அடுத்த மாசம் பாத்துக்கலாம்" என்றார்கள். அடுத்த மாதம் கேட்டோம். "அடுத்த மாசம்" என்றார்கள். நம் இயக்குநர் கெட்டவர் இல்லை, மனதாரச் சொல்கிறேன். அவருக்கு உலகத்தில் எல்லாமே அடுத்த மாதம், அவ்வளவுதான்.

அந்த நேரத்தில்தான் மேல்நிலைத் தண்ணீர்த் தொட்டியின் தூணிலிருந்து ஒரு கோர் வந்தது. கடைத்தெரு முனையில் நிற்கிறதே, அந்தத் தொட்டிதான். பொறியாளர் அவர்களின் பிரிவு அனுப்பியது. தொட்டியில் கசிவு இல்லை, வெளியே பூச்சு மட்டும் மயிரிழை மயிரிழையாக வெடித்திருந்தது. எதற்கும் பார்த்துவிடலாம் என்று அனுப்பினார்கள். நியாயமான வேலை. நான் சொன்னேன், பம்பு சரியாகும்வரை அறுக்க வேண்டாம் சார் என்று. சீவலார் என்ன சொன்னார் தெரியுமா? "என் கண்ணுக்குச் சாயம் வேணாம். கோட்டைப் பார்த்தாலே யார் போட்டதுன்னு சொல்லுவேன்."

சாயம் இல்லாமலே அறுத்தார். சாயம் இல்லாமலே தேய்த்தார். சாயம் இல்லாமலே பார்த்தார். விரிசல்கள் இருந்தன. 'தேய்ப்பில் ஏற்பட்டவை, தூண் நல்ல நிலையில் உள்ளது' என்று எழுதிக் கையெழுத்தும் போட்டார்.

என்ன இயக்குநர் சார்? இரங்கல் கூட்டமா? ஆமாம் சார், இரங்கல் கூட்டம்தான். இறந்தவரைப் பற்றித்தான் பேசிக்கொண்டிருக்கிறேன். இறந்தவரின் தவறைப் பேசக் கூடாதா? பேசாவிட்டால் அவரைப் பற்றி என்ன பேசுவது? வெங்காயத்தையா? அம்மா, நீங்கள் சொல்லுங்கள், நிறுத்தட்டுமா? "நீ பேசுப்பா. மாசக்கணக்கா அந்த மனுசன் வீட்டுல இதைத்தான் பேசிக்கிட்டிருந்தாரு. வெளியில பேச எவன் விட்டான்?" நன்றி அம்மா.

அன்பர்களே, பெரிய மனிதர்கள் தவறு செய்வது புதிதல்ல. செய்த தவறை விடாமல் துரத்திய மனிதரை நான் இவரைத் தவிரப் பார்த்ததில்லை. மழைக்காலத்தில் ஒருநாள் வேறொரு வேலைக்காக நான் தேய்த்த சீவலைப் பார்த்துக்கொண்டிருந்தார். அதில் தேய்ப்பு விரிசல் நிறைய. என்னைத் திட்டுவார் என்று நின்றேன். திட்டவில்லை. "உன் கோடெல்லாம் ஒரே பக்கமா ஓடுது, பாத்தியா? தேய்ச்ச பக்கமா ஓடுது" என்றார். எழுந்துபோய்த் தொட்டியின் சீவலை எடுத்துவந்து வைத்தார். பார்த்தார். பார்த்துக்கொண்டே இருந்தார். அதில் கோடுகள் நாலா பக்கமும் ஓடின. கல்லைச் சுற்றி வளைந்து ஓடின.

"இது நான் போட்ட கோடு இல்லப்பா" என்றார். அவ்வளவு மெல்லிய குரலில் அவர் பேசி நான் கேட்டதே இல்லை.

அன்றே பொறியாளர் அவர்களுக்குப் போன் போட்டார். நான் பக்கத்தில் இருந்தேன். ஒலிபெருக்கியில் போட்டிருந்தார். பொறியாளர் அவர்களுக்கும் நினைவிருக்கும்.

"சார், தொட்டித் தூணுக்கு இன்னொரு கோர் எடுக்கணும். நாலு தூண்லயும் எடுக்கணும். அதுவரைக்கும் தொட்டியக் காலியா வைங்க."

"சார், நீங்கதானே நல்லா இருக்குன்னு எழுதிக் குடுத்தீங்க?"

"நான்தான். அதான் சொல்றேன். அந்த ஆளை நம்பாதீங்க."

சிரித்தார்கள்! பொறியாளர் சிரித்தார், இயக்குநர் சிரித்தார், உணவுக்கூடத்தில் எல்லோரும் சிரித்தோம். சீவலார் சீவலார்மேலேயே வழக்குப் போட்டுவிட்டார் என்று ஊரெல்லாம் பேச்சு. இயக்குநர் அவரைக் கூப்பிட்டுச் சொன்னார்: "ஒரே தூணுக்கு ஒரே ஆய்வகம் ரெண்டு வாயால பேசக் கூடாது. நம்ம பேரு என்ன ஆகும்?" பேரு! கேட்டீர்களா? நாலு தூண் மேலே அத்தனை தண்ணீர் நிற்கிறது. இவர்களுக்குப் பெயர் நிற்கவில்லையே என்று கவலை!

அந்தத் தொட்டிக்கு அடியில் என்ன இருக்கிறது? எல்லோரும் தினம் பார்க்கிற இடம்தான். நிழல் இருக்கிறது. நிழல் இருந்தால் ஆட்கள் வருவார்கள். பஞ்சர் ஒட்டுகிறவர் உட்கார்ந்திருக்கிறார். காய்கறிக்கார அம்மா தூணில் சாய்ந்தபடி வியாபாரம் பார்க்கிறார். பள்ளிக்கூட வேன் வரும்வரை பிள்ளைகள் அந்தத் தூண்களைச் சுற்றி ஓடிப்பிடித்து விளையாடுகிறார்கள். சீவலார் அங்கே போய் நின்று, "இங்க நிக்காதீங்கம்மா, தள்ளி நில்லுங்க" என்று தாய்மார்களிடம் சொல்லிக்கொண்டிருந்தார். ஒரு தாய் கேட்டாராம், "ஏன் சார், வெயில்ல நிக்கச் சொல்றீங்களா? தொட்டி நல்லா இருக்குன்னு பெரிய ஆபீசரே எழுதிக் குடுத்திருக்காராமே?" என்று. அந்தப் பெரிய ஆபீசர் வாயைத் திறக்க முடியாமல் திரும்பி வந்தார். "என் வாயை நானே தைச்சு வச்சிட்டேன்பா" என்றார் என்னிடம்.

புதிய கோர் தர மாட்டார்கள் என்று தெரிந்ததும் பழைய கோரின் மிச்சத்தைத் தேட ஆரம்பித்தார். சீவலுக்கு ஒரு சில்லுதான் போகும், மிச்சத்துண்டு இருந்தாக வேண்டும். ஆனால் எங்கள் ஆய்வகத்தின் லட்சணம் உங்களுக்குத் தெரியாது. வெளியே கோவில் மணி மாதிரி பூட்டுத் தொங்கும் அலமாரி இருக்கிறது. உள்ளே ஒன்றும் இருக்காது. மிச்சத்துண்டுகள் எல்லாம் வேறு வேலைக்குப் போயிருக்கும். கணக்குப் பிரிவின் கதவு சாத்திக்கொள்ளாமல் அண்டக்கொடுத்திருப்பது ஒரு பாலம். உணவுக்கூடத்தில் பால் பாத்திர மூடிமேல் உட்கார்ந்திருப்பது ஒரு மருத்துவமனை. இயக்குநர் மேசையில் காகிதம் பறக்காமல் பிடித்துக்கொண்டிருப்பது ஒரு துறைமுகம். கையில் டார்ச்சோடு அவர் ஒவ்வொரு கதவாகக் குனிந்து, கல்லைப் புரட்டி, அடியில் எழுதியிருக்கும் எண்ணைப் படித்துக்கொண்டே போவார். கணக்குப் பிரிவு அக்கா சொல்வார், "சீவலாரே, பாத்து எடுங்க, கதவு சாத்திக்கிச்சுன்னா நானும் நீங்களும் உள்ள மாட்டிக்குவோம். அப்புறம் உங்க வீட்டம்மாவுக்கு நான் பதில் சொல்ல முடியாது." அதற்கும் சிரிப்பார்கள். அவரும் சிரித்துவிட்டு அடுத்த கதவுக்குப் போவார்.

கிடைக்கவில்லை. அதற்குள் நெஞ்சுவலி வந்துவிட்டது. மருத்துவமனைக்குப் போகும் வழியிலேயே முடிந்துவிட்டது. அந்த மனிதருக்கு ஓய்வு பெற இன்னும் காலம் இருந்தது. யாரைக் கேட்டுக்கொண்டு போனார்? தலையில் பாதி வேலையை வைத்துக்கொண்டு இப்படியா ஒரு மனிதர் எழுந்து போவார்? எனக்கு வருத்தமா என்று கேட்கிறார்கள். எனக்குக் கோபம்! இன்றுவரை கோபம்!

ஏன் கோபம் என்று கேளுங்கள். அடக்கம் முடிந்த மறுநாள் நல்ல மழை. அவர் அறை ஜன்னல் திறந்து கிடந்தது. நுண்ணோக்கியில் சாரல் படும் என்று மூடப் போனேன். அந்த ஜன்னல் கதவு தானாக நிற்காது. அதற்கு ஒரு கல் அண்டக்கொடுத்திருப்பார். கல்லை எடுத்தேன். கான்கிரீட் உருளை. அடியில் எண். அவருடைய கையெழுத்து.

தொட்டித் தூண்!

கட்டடம் முழுக்கத் தேடினீர்களே சீவலாரே! கணக்குப் பிரிவில் தேடினீர்கள், உணவுக்கூடத்தில் தேடினீர்கள், குப்பை மேட்டில் ஏறித் தேடினீர்கள். உங்கள் ஜன்னலில், உங்கள் கையால், நீங்களே வைத்த கல்லை மட்டும் ஏன் ஐயா பார்க்கவில்லை? மூக்குக்கண்ணாடியை நெற்றிமேல் ஏற்றிவைத்துக்கொண்டு வீடு முழுக்கத் தேடுவார்களே, அதுவாவது சிரிப்போடு போகும். இதை நான் யாரிடம் சொல்லிச் சிரிப்பது? அந்த வெற்று அறையில் நின்று அவரை வாய்க்கு வந்தபடி திட்டினேன். அம்மா மன்னிக்க வேண்டும். அம்மா தலையை ஆட்டுகிறார். "நானும் தினம் திட்டறேன், நீயும் திட்டு" என்கிறார். சரி.

துண்டு கிடைத்துவிட்டது. சாயம் இருக்கிறது, பிசின் இருக்கிறது. பம்பு? அதே ரப்பர் வளையம்! கேட்டேன். பதிலை நான் சொல்ல வேண்டியதில்லை, கதவோரம் நிற்கும் தோழர்களே சேர்ந்து சொல்லுங்கள். ஆம்! அடுத்த மாதம்!

என் அக்கா வீட்டுக்காரர் ஃப்ரிட்ஜ் மெக்கானிக். ஃப்ரிட்ஜுக்கு வாயு ஏற்றுவதற்கு முன்னால் உள்ளேயிருக்கும் காற்றை உறிஞ்ச அவரிடம் ஒரு பம்பு உண்டு. போய்க் கேட்டேன்.

"எதுக்கு மச்சான்?"

"கல்லுலேருந்து காத்து எடுக்கணும் மாமா."

"உனக்குப் பொண்ணு பார்த்துக்கிட்டிருக்கோம்டா. வெளியில போய் இப்படியெல்லாம் சொல்லிக்கிட்டுத் திரியாதே."

சொல்லிக்கொண்டே பம்பைத் தூக்கி வண்டியில் வைத்துவிட்டார். கேட்ட அன்றைக்கே! ஒரு ஆய்வகத்தால் போன கோடையிலிருந்து செய்ய முடியாததை ஒரு மாமா ஒரு டீ குடிக்கிற நேரத்தில் செய்துவிட்டார். இதற்கு என்ன பெயர் வைப்பது? பல்லைக் கடிப்பதைத் தவிர நான் என்ன செய்வது?

காற்றை எடுத்தேன். சாயத்தை விட்டேன். இறுகவிட்டேன். அறுத்தேன். என் மாமியாரிடம் கொடுத்தேன், சிரிக்காதீர்கள், எந்திரத்தைச் சொல்கிறேன். அது கூவியதும் எடுத்துப் பார்த்தேன். மணல் வைக்கோல் நிறத்தில் நின்றது. எனக்கு அந்தச் சோதனைக்கு அதுவே போதும். விரிசல் பார்க்க அந்தக் கனம் தாராளம். ஆனாலும் கையால் தேய்த்தேன். வீண்வேலை என்று தெரிந்தே தேய்த்தேன். மணல் சாம்பல் வெள்ளைக்கு வந்தது. நீல வெளிச்சத்தைப் போட்டேன்.

மின்னியது அன்பர்களே! தெருத்தெருவாக, சந்துசந்தாக, ஊர்ப்படம் மாதிரி மின்னியது. கல்லைச் சுற்றி வளைந்து, ஒரு கல்லிலிருந்து இன்னொரு கல்லுக்குப் போய், மஞ்சளாக, பச்சையாக. சாயம் இல்லாத கோடு, நான் உண்டாக்கிய கோடு எத்தனை என்று தேடினேன். ஓரத்தில் ஒன்றே ஒன்று. மற்ற எல்லாம் தூணுக்குள் முன்னாலேயே இருந்தவை.

ஜன்னலில் மழையும் வெயிலும் பட்டுக் கிடந்த கல், அதனால் விரிசல் விட்டிருக்கும் என்று சொல்லப் போகிறீர்கள். இயக்குநர் அவர்கள் இப்போதே வாயைத் திறக்கிறார். நல்ல கேள்வி சார். அதற்காகத்தான் ஓரத்தை விட்டுவிட்டு உருளையின் நடுவிலிருந்து சில்லை எடுத்தேன். ஆனாலும் அந்தக் கேள்விக்கு முழுப்பதில் என்னிடம் இல்லை. ஒரு சீவலை வைத்துக்கொண்டு தொட்டி விழும் என்று நான் சொல்லவில்லை. அப்படிச் சொன்னால் நானும் சாயம் இல்லாமல் கண்ணால் சொன்னவன் ஆகிவிடுவேன். நான் கேட்பது அவர் கேட்டதைத்தான். தொட்டியைக் காலி செய்யுங்கள். தண்ணீரை லாரியில் கொடுங்கள். நாலு தூணிலும் புதிய கோர் எடுங்கள். எல்லாவற்றுக்கும் சாயம் ஏற்றிப் பார்ப்போம். நல்லதாக இருந்தால் மறுபடி நிரப்புங்கள், நான் இதே மேடையில் ஏறி உங்கள் எல்லோரிடமும் மன்னிப்புக் கேட்கிறேன். நல்லதாக இல்லாவிட்டால் யார் யாரிடம் மன்னிப்புக் கேட்பது? கேட்டு என்ன ஆகும்?

அவர் படத்தை ஆய்வகத்தில் திறந்துவைக்கப்போவதாகச் சொன்னார்கள். பிரிவுக்கு அவர் பெயரை வைக்கப்போவதாகச் சொன்னார்கள். அவர் விட்டுச்சென்ற பணியைத் தொடர்வோம் என்று நாலு பேர் உறுதி சொன்னார்கள். எந்தப் பணியை? அவர் விட்டுச்சென்ற பணி ஒன்றே ஒன்றுதான் ஐயா, அது கடைத்தெரு முனையில் தண்ணீர் நிரம்பி நிற்கிறது! அதைத் தொடாமல் எதைத் தொடரப் போகிறீர்கள்? படம் வேண்டாம் என்று சொல்லவில்லை. முதலில் வால்வை மூடுங்கள், பிறகு படத்தைத் திறங்கள்.

என் பங்குக்கு நான் சொல்லும் உறுதி சிறியது. இனி அந்தப் பிரிவில் சாயம் ஏறாத ஒரு துண்டும் அறுபடாது. என் கண் எவ்வளவு நல்ல கண்ணாக இருந்தாலும் அறுபடாது. மிச்சத்துண்டு ஒன்றும் கதவுக்குப் போகாது. இந்தச் சீவலுக்கான முடிவை எழுதி, என் கையெழுத்தைப் போட்டு, நேற்றே இயக்குநர் மேசையில் வைத்துவிட்டேன். துறைமுகத்துக்கு அடியில் இருக்கிறது சார், பறந்திருக்காது.

கடைசியாக, நிகழ்ச்சி முறைப்படி நாம் எல்லோரும் எழுந்து மௌனமாக நிற்க வேண்டும். நிற்போம். ஆனால் இங்கே வேண்டாம். பக்கத்து அறையில் நுண்ணோக்கி இருக்கிறது. சீவல் அதில் இருக்கிறது. நீல வெளிச்சம் எரிந்துகொண்டிருக்கிறது. ஒவ்வொருவராக வந்து குனிந்து பாருங்கள். பார்க்கும்போது யாராலும் பேச முடியாது, நான் பார்த்துவிட்டேன், எனக்குத் தெரியும். அந்த மௌனம்தான் அவருக்கு வேண்டும். அம்மா, நீங்களும் வாருங்கள். அவர் பார்த்துக்கொண்டே இருந்தாரே, அது என்னவென்று நீங்கள் பார்க்க வேண்டாமா?

பொறியாளர் சார், நீங்கள் முதலில். போனைக் கையிலேயே வைத்துக்கொள்ளுங்கள், பார்த்ததும் தேவைப்படும்.

அந்த அறைக் கதவும் தானாகச் சாத்திக்கொள்ளும். அண்டக்கொடுக்க இப்போது கல் இல்லை. கடைசி ஆள் பார்த்து முடிக்கும்வரை நான் பிடித்துக்கொண்டு நிற்கிறேன்.

வாருங்கள்.